படம் வரையாத அனிமேஷன் இயக்குநர்: இசாவோ தகஹாதா

ஜப்பானின் அனிமேஷன் நிறுவனமான ஸ்டூடியோ ஜிப்லி என்றதும் நம்மில் பெரும்பாலோர் வாயில் வருவது இயக்குநர் மியாசாகி பெயர்தான். அந்த ஸ்டூடியோவை அவரோடு சேர்ந்து கட்டியவர் இசாவோ தகஹாதா. மியாசாகியைவிட ஐந்து வயது மூத்தவர். தொழிலில் மியாசாகிக்கு அண்ணன் மாதிரி இருந்தவர். ‘கிரேவ் ஆஃப் தி ஃபயர்ஃப்ளைஸ்’ பார்த்து அழுத பலருக்கு அது மியாசாகி படம் இல்லை என்பதே தெரியாது.

தகஹாதாவைப் பற்றி யார் எழுதினாலும் ஒரு விஷயத்தைச் சொல்லாமல் விடமாட்டார்கள். அவர் அனிமேட்டர் அல்ல. மற்றவர்களுக்கு விளக்குவதற்காகக் கோடு கிறுக்குவார், அத்தோடு சரி. மியாசாகியோ தன் படத்தின் ஸ்டோரிபோர்டு (காட்சிகளை வரிசையாக வரைந்து வைக்கும் திட்டம்) முழுவதையும் தானே வரைவார், அனிமேட்டர்கள் கொடுக்கும் ஓவியத்தையும் அழித்துத் திருத்துவார். அதனால்தான் அவர் படங்கள் எல்லாவற்றிலும் ஒரே கை தெரியும். தகஹாதாவின் படங்களை அடுத்தடுத்துப் பார்த்தால் வேறு வேறு ஆட்கள் எடுத்தது போல இருக்கும்.

இதை அவருடைய குறை என்று பலர் சொல்கிறார்கள். எனக்கு அப்படித் தோன்றவில்லை. கையால் வரைகிறவர் தன் கைக்கு எது வருமோ அதை நோக்கித்தான் போவார். வரையாதவருக்கு அந்த வேலி கிடையாது. இதுவரை அனிமேஷனில் வராத ஒன்றைக் கேட்பார், அது வரும்வரை விடமாட்டார். படத்துக்கு அது ஆதாயம். வரைகிறவர்களுக்கும் பணம் போடுகிறவர்களுக்கும்தான் திண்டாட்டம். ஐம்பது ஆண்டுக்கு மேல் நீண்ட அவருடைய தொழில் வாழ்க்கை முழுக்க இந்த இழுபறிதான்.

தகஹாதா 1935-இல் மியே மாகாணத்தில், இப்போது இசே என்று அழைக்கப்படும் ஊரில் பிறந்தார். வளர்ந்தது ஒகயாமாவில். 1945 ஜூன் 29 அதிகாலையில் அமெரிக்க விமானங்கள் அந்த நகரத்தின் மேல் தீக்குண்டுகளைப் பொழிந்தபோது அவருக்கு ஒன்பது வயது. தூங்கிக்கொண்டிருந்த உடையோடு, வெறுங்காலோடு, அக்காவுடன் ஓடித் தப்பித்தார். இது பிறகு வேலைக்கு வருகிறது.

தோக்கியோ பல்கலைக்கழகத்தில் பிரெஞ்சு இலக்கியம் படித்தார். அங்கே படிக்கும்போது பிரெஞ்சு இயக்குநர் பால் கிரிமோவின் அனிமேஷன் படம் ஒன்றைப் பார்த்தார். கவிஞர் ஜாக் பிரெவேர் கதை எழுதிய படம் அது. சிந்தனையையும் அரசியலையும் அனிமேஷனில் சொல்ல முடியும் என்ற எண்ணம் அங்கிருந்துதான் வந்தது. (பிரெவேரின் கவிதைகளை அவரே பிற்காலத்தில் ஜப்பானிய மொழியில் பெயர்த்தார்.) 1959-இல் தோயெய் நிறுவனத்தின் அனிமேஷன் பிரிவில் சேர்ந்தார். சேர்ந்தது உதவி இயக்குநராக, வரைகிறவராக அல்ல.

தோயெய் அப்போது ஆண்டுக்கு ஒன்றிரண்டு முழுநீளப் படங்கள் எடுத்துக்கொண்டிருந்தது. தொலைக்காட்சி வந்ததும் நிலைமை மாறியது. வாரா வாரம் தொடர் போட வேண்டும், செலவைக் குறைக்க வேண்டும், ஓவியங்களின் எண்ணிக்கையைக் குறைக்க வேண்டும். தொழிலாளர்கள் சங்கத்தில் திரண்டார்கள். தகஹாதா சங்கத்தின் துணைத் தலைவர். 1963-இல் சேர்ந்த இளைஞர் மியாசாகி சங்கச் செயலாளர் ஆனார். இருவரும் நெருங்கியது அங்கேதான்.

சங்கத்து ஆட்கள் சேர்ந்து எடுத்த படம்தான் தகஹாதாவின் முதல் படம், ‘சூரிய இளவரசன் ஹோருஸ்’. அவரை இயக்குநராக்கினால்தான் நான் வேலை செய்வேன் என்று அனிமேஷன் இயக்குநர் யாசுவோ ஒத்சுகா நிபந்தனை போட்டார் என்பார்கள். வட ஜப்பானின் பழங்குடியான ஐனு மக்களின் கதை ஒன்றை அடிப்படையாக வைத்து எழுதப்பட்ட பொம்மை நாடகம்தான் மூலம். அதை வட ஐரோப்பாவுக்கு மாற்றி, ஒரு கிராமம் எப்படி ஒற்றுமையாகிறது, எப்படி உடைகிறது என்பதைக் கதையாக்கினார்கள். ஹில்டா என்ற பெண் பாத்திரம் நல்லவளா கெட்டவளா என்று படம் முழுக்க நமக்கே பிடிபடாது. குழந்தைகள் படத்தில் அப்படி ஒரு பாத்திரம் அன்று அபூர்வம். படத்தின் எந்த இடத்தில் இறுக்கம் ஏற வேண்டும், எங்கே தளர வேண்டும் என்று தகஹாதா ஒரு வரைபடம் போட்டுக் குழுவிடம் கொடுத்தார். யாரும் கருத்துச் சொல்லலாம், எந்த அனிமேட்டரும் கதையில் கை வைக்கலாம் என்ற ஏற்பாடு. கேட்க நன்றாக இருக்கிறது. வேலை மட்டும் நகரவில்லை. 1965-இல் தொடங்கியது, திரைக்கு வந்தது 1968 ஜூலையில்.

படத்தில் ஓநாய்க் கூட்டம் கிராமத்தைத் தாக்கும் இடம் ஒன்று உண்டு. திடீரென்று அசைவு நின்று, அசையாத ஓவியங்களின் மேல் கேமரா நகரும். பார்ப்பவருக்கு ஏதோ புதுமை போலத் தெரியும். உண்மையில் பணமும் நேரமும் தீர்ந்துபோய், அசைவூட்டாமலேயே விட்ட இடம் அது. வசூலும் சரியில்லை. நிறுவனம் அவரைக் கீழே இறக்கியது. அதன் பிறகு தோயெயில் அவருக்கு இன்னொரு முழுநீளப் படம் கிடைக்கவே இல்லை.

1971-இல் தகஹாதா, மியாசாகி, யோய்ச்சி கொதாபே மூவரும் தோயெயை விட்டு வெளியேறினார்கள். ‘பிப்பி லாங்ஸ்டாக்கிங்’ கதையைத் தொடராக எடுக்கும் திட்டம் இருந்தது. எழுத்தாளர் ஆஸ்ட்ரிட் லிண்ட்கிரென் அனுமதி தரவில்லை. கொஞ்ச காலம் ‘லூப்பன்’ என்ற திருடன் கதைத் தொடரில் வேலை, அப்புறம் பாண்டாக் கரடியை வைத்து இரண்டு குறும்படங்கள்.

அடுத்து வந்தது ‘ஹைடி’. இந்தக் கட்டுரையில் ஒரே ஒரு படைப்பைப் பற்றித்தான் எழுத இடம் என்றால் நான் இதைத்தான் எடுப்பேன். 1974-இல் வாரம் ஒன்றாக 52 பகுதிகள். ஆல்ப்ஸ் மலையில் தாத்தாவோடு வாழும் ஒரு சிறுமி. அரக்கன் இல்லை, ரோபோ இல்லை, சண்டை இல்லை. சிறுமி காலையில் எழுகிறாள், ஆட்டுப்பால் குடிக்கிறாள், ரொட்டியில் வைக்கப் பாலாடைக்கட்டியை நெருப்பில் காட்டி உருக்குகிறாள். இதைப் போய் யார் வாரா வாரம் பார்ப்பார்கள் என்று அன்று கேட்டிருந்தால் தப்பே இல்லை. தகஹாதா 1973-இல் குழுவோடு ஸ்விட்சர்லாந்துக்கே போய் வீடு, வெளிச்சம், மேய்ச்சல் நிலம் எல்லாவற்றையும் பார்த்து வந்தார். ஒரு தொலைக்காட்சி அனிமேஷன் தொடருக்காகக் கடல் கடந்து இடம் பார்க்கப் போவது அந்தக் காலத்தில் நடக்காத காரியம்.

இன்னொரு மாற்றம் வெளியே தெரியாதது, ஆனால் இன்றுவரை தொழிலில் தங்கிவிட்டது. அதற்கு முன்பு பின்னணி ஓவியர் ஒரு பக்கம், அனிமேட்டர் ஒரு பக்கம், ஸ்டோரிபோர்டைப் பார்த்து ஆளுக்கு ஒன்றாக வரைவார்கள். கடைசியில் இரண்டும் பொருந்தாது. ஹைடியில் ஒவ்வொரு ஷாட்டுக்கும் லேஅவுட் என்று ஒரு அடிப்படை ஓவியம் போடப்பட்டது. கேமரா எங்கே, கதவு எவ்வளவு உயரம், சிறுமி எங்கிருந்து எங்கே போகிறாள் எல்லாம் அதிலேயே முடிவாகிவிடும். 52 பகுதிகளுக்கும் அந்த லேஅவுட்டை வரைந்தவர் ஒரே ஆள், மியாசாகி. ஜப்பானிய அனிமேஷனில் லேஅவுட் என்பது ஒரு தனிப் படிநிலையாக நிலைபெற்றதற்கு இந்தத் தொடரைத்தான் காரணமாகச் சொல்வார்கள். வரையாத இயக்குநர் தன் மனதில் உள்ள இடத்தை இன்னொருவர் கையில் ஒப்படைக்க வேண்டியிருந்தது. அந்தத் தேவையிலிருந்து பிறந்த முறை, வரையத் தெரிந்த இயக்குநர்களுக்கும் வழக்கமாகிவிட்டது.

அடுத்து தாயைத் தேடி இத்தாலியிலிருந்து அர்ஜென்டினா போகும் சிறுவன் மார்கோவின் தொடர் (1976). பிறகு கனடாவின் ஆன் ஷெர்லியின் கதை (1979). ஆன் தொடரின் 15-ஆம் பகுதியோடு மியாசாகி கழன்றுகொண்டு தன் முதல் முழுநீளப் படத்தை இயக்கப் போனார். அவருக்குள் ஓடிக்கொண்டிருந்த கற்பனைக்குத் தகஹாதாவின் உலகத்தில் இடமில்லை. அங்கே யாரும் பறக்கமாட்டார்கள்.

இருந்தும் 1984-இல் வந்த தன் ‘நௌசிகா’ படத்தை எடுக்கும்போது தயாரிப்பாளராக மியாசாகி கேட்டது தகஹாதாவைத்தான். தான் ஏன் தயாரிப்பாளர் வேலைக்குப் பொருந்தமாட்டேன் என்று ஒரு நோட்டுப் புத்தகம் நிறைய எழுதிக்கொண்டு வந்து மறுத்தார் தகஹாதா. என் இளமையையே இந்த ஆளுக்குக் கொடுத்தேன், பதிலுக்கு எதுவும் கிடைக்கவில்லை என்று மியாசாகி குடித்துவிட்டு அழுததாகப் பின்னால் ஜிப்லியின் தயாரிப்பாளரான தோஷியோ சுசுகி பல இடங்களில் சொல்லியிருக்கிறார். சுசுகி போய்ச் சத்தம் போட்ட பிறகுதான் தகஹாதா ஒப்புக்கொண்டார். ஒப்புக்கொண்டதும் கணக்கில் கறாரான தயாரிப்பாளராக இருந்தார் என்பதுதான் வேடிக்கை.

நௌசிகாவில் மியாசாகிக்குக் கிடைத்த பணம் தகஹாதாவின் அடுத்த படத்துக்குப் போனது. அது அனிமேஷன்கூட இல்லை. கியூஷூ தீவில் யனகாவா என்ற ஊரின் கால்வாய்கள் சாக்கடையாகி மூடப்பட இருந்த சமயத்தில் ஊர்க்காரர்களே இறங்கித் தூர்வாரி மீட்ட கதை. அனிமேஷனுக்கு இடம் பார்க்கத்தான் போனார். ஊரைப் பார்த்ததும் மனசு மாறி ஆவணப்படமாக எடுக்கத் தொடங்கிவிட்டார். ஏறக்குறைய மூன்று மணி நேரப் படம். எடுத்தார், எடுத்தார், எடுத்துக்கொண்டே இருந்தார். மியாசாகியின் பணம் கரைந்தது. இனி என்ன செய்வது என்று மியாசாகி கேட்டபோது, இன்னொரு படம் எடுத்தால் பணம் வரும் என்றார் சுசுகி. அப்படித்தான் மியாசாகியின் ‘லாப்யூட்டா’ படம் உருவானது, அதை எடுக்க 1985-இல் ஸ்டூடியோ ஜிப்லி உருவானது. உலகப் புகழ் பெற்ற ஒரு ஸ்டூடியோ பிறந்ததற்கு ஒரு ஊர்க் கால்வாயும் ஒரு காரணம்.

1988 ஏப்ரல் 16. மியாசாகியின் ‘டோட்டோரோ’வும் தகஹாதாவின் ‘கிரேவ் ஆஃப் தி ஃபயர்ஃப்ளைஸ்’ படமும் ஒரே டிக்கெட்டில் இரண்டு படமாக வெளியாயின. மரத்தடியில் தூங்கும் பூதத்தைக் காட்டிவிட்டு, அடுத்து பசியில் சாகும் குழந்தையைக் காட்டுவதா? எந்தத் தியேட்டர்காரரும் யோசிப்பார். ஆனால் பணம் அப்படித்தான் கிடைத்தது. தகஹாதா படத்தின் மூலமான அகியுகி நோசாகாவின் கதையை வெளியிட்ட ஷின்சோஷா பதிப்பகம் அந்தப் படத்துக்கும், தோகுமா பதிப்பகம் ‘டோட்டோரோ’வுக்கும் முதலீடு செய்தன.

சிறுவன் தகஹாதா கண்ட ஒகயாமா போலவே, கோபே நகரம் குண்டுவீச்சில் எரிகிறது. பதினான்கு வயது செய்தாவும் நான்கு வயது தங்கை செத்சுகோவும் தாயை இழக்கிறார்கள். உறவுக்காரப் பெண் வீட்டில் பேச்சு தாங்காமல் குளக்கரைக் குகை ஒன்றில் தனியே வாழப் போகிறார்கள். இது போரை எதிர்க்கும் படம் இல்லை என்று தகஹாதா கடைசிவரை சொல்லிவந்தார். பார்ப்பவர் யாரும் நம்புவதில்லை, ஆனால் அவர் சொன்னதில் விஷயம் இருக்கிறது. அந்த உறவுக்காரப் பெண் கதையின் வில்லி இல்லை. பஞ்ச காலத்தில் எந்த வீட்டிலும் கேட்கக்கூடிய பேச்சைத்தான் அவர் பேசுகிறார். செய்தா கொஞ்சம் தழைந்துபோயிருந்தால் தங்கை பிழைத்திருப்பாள். மற்றவர்களிடமிருந்து விலகி நாம் இருவர் மட்டும் என்று வாழ்வது எங்கே கொண்டுபோய் விடும் என்பதுதான் அவருடைய கேள்வி. படம் முடிந்ததும் அழுகை நம்மை யோசிக்க விடுவதில்லை. அது அந்தப் படத்தின் பலமா பலவீனமா என்பதில் எனக்கு இன்னும் ஒரு முடிவு வரவில்லை.

செத்சுகோவுக்குக் குரல் கொடுத்தது ஒரு நிஜக் குழந்தை. வழக்கமாக முதலில் படம், பிறகு டப்பிங். இங்கே குழந்தையின் குரலை முதலில் பதிந்துகொண்டு அதற்கு ஏற்றபடி வரைந்தார்கள். மிட்டாய் தீர்ந்த தகர டப்பாவில் அண்ணன் தண்ணீர் ஊற்றிக் குலுக்கிக் கொடுப்பான். அவள் வாயில் வைத்து உருட்டிப் பார்த்து, எல்லாச் சுவையும் இதிலே இருக்கிறது என்பாள். அந்த இடத்தில் மூச்சு விடும் இடைவெளிகூட ஒரு குழந்தையுடையது. உருவக் கோடுகளுக்குக் கறுப்பு வேண்டாம் என்று பழுப்பு நிறம் எடுத்தார்கள். அதனால் பிம்பம் முழுக்க மென்மையாகிவிட்டது. வண்ணப் பொறுப்பு மிச்சியோ யசுதாவுடையது. பிற்காலத்தில் ‘எவாஞ்சலியன்’ எடுத்த ஹிதேயாகி அன்னோ அப்போது இளம் அனிமேட்டர். போர்க்கப்பல் காட்சிக்காக மாயா என்ற கப்பலை அணுஅணுவாக ஆராய்ந்து, ஜன்னல் எண்ணிக்கை முதற்கொண்டு சரியாக வரைந்து கொடுத்தார். முடிந்த படத்தில் கப்பல் வெறும் கரிய நிழலுருவமாக வந்தது. அன்னோ அதை இன்றும் மறந்திருக்கமாட்டார் என்று நினைக்கிறேன்.

இவ்வளவும் செய்துவிட்டு, வெளியீட்டு நாளில் படம் முடியவில்லை. சில ஷாட்கள் வண்ணமில்லாத கோட்டு ஓவியமாகவே திரையில் ஓடின.

1991-இல் வந்த ‘ஒன்லி எஸ்டர்டே’ அந்த ஆண்டு ஜப்பானியப் படங்களில் வசூலில் முதலிடம். 27 வயது அலுவலகப் பெண் ஒருத்தி விடுமுறையில் யமகாதாவுக்குக் குசும்பப்பூ பறிக்கப் போகிறாள், போகும் வழியெல்லாம் பத்து வயதுச் சிறுமியாக இருந்த தன் நினைவு கூடவே வருகிறது. கதை அவ்வளவுதான். இதில் ஓர் அன்னாசிப்பழக் காட்சி உண்டு. 1966, தோக்கியோ. அப்பா கின்சா என்ற கடைவீதியிலிருந்து முழு அன்னாசிப்பழம் ஒன்று வாங்கி வருகிறார். அதை எப்படி வெட்டுவது என்று வீட்டில் ஒருவருக்கும் தெரியாது. அக்கா எங்கோ கேட்டறிந்து வந்த பிறகு, குடும்பமே மேசையைச் சுற்றி உட்கார, பாட்டி உட்பட எல்லோரும் வாயில் வைக்கிறார்கள். நிசப்தம். பழம் பழுக்கவில்லை, கெட்டியாக, புளிப்பாக இருக்கிறது. வாழைப்பழமே தேவலை என்று ஒவ்வொருவராகத் தட்டை நகர்த்துகிறார்கள். சிறுமி மட்டும் பிடிவாதமாக மென்றுகொண்டே இருக்கிறாள். எந்தச் சாகசமும் இல்லாத இந்த நிமிடங்களை இவ்வளவு கவனமாக வரைந்து வைக்க வேண்டும் என்று தோன்ற வேண்டுமே, அதுதான் தகஹாதா. நினைவுக் காட்சிகளில் படத்தின் ஓரங்கள் வெண்மையில் கரைந்திருக்கும். நிகழ்காலத்திலோ பெரியவர்கள் சிரிக்கும்போது கன்னத்துத் தசைக்கோடுவரை வரையச் சொன்னார். அந்தக் கோடு சில ஷாட்களில் முகத்துக்கு வயசைக் கூட்டிவிடுகிறது என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

அந்த முகங்களுக்குப் பொறுப்பு யோஷிஃபுமி கொண்டோ. 1988-இல் வந்த அந்த இரண்டு படங்களை எடுக்கும்போது, இவர் எனக்கு வேண்டும், எனக்கு வேண்டும் என்று மியாசாகியும் தகஹாதாவும் மோதிக்கொண்ட அளவுக்குத் திறமைசாலி. 1998 ஜனவரியில், 47 வயதில், பெருநாடி கிழிந்து இறந்தார். தகஹாதாவோடு வேலை செய்த நாட்களை நினைத்துக் கொண்டோ தன்னிடம் அழுததை சுசுகி பின்னாளில் எழுதியிருக்கிறார். ஒரு மரணத்துக்கும் ஒரு மனிதரின் வேலை வாங்கும் குணத்துக்கும் நேர்முடிச்சு போட முடியாது, போடவும் கூடாது. ஆனால் தகஹாதாவைக் கொண்டாடும் எழுத்துகள் பெரும்பாலும் தாண்டிப் போகும் இடம் இது. அந்த அழகான கோடுகள் யாரோ ஒருவர் கையிலிருந்து பிடுங்கப்பட்டவைதான். வேலை விஷயத்தில் அவர் அசைய மறுப்பதைப் பார்த்து, மியாசாகி அவரைப் பண்டைக்கால ஸ்லாத் என்ற மந்தமான விலங்கின் வம்சம் என்று கேலியாக எழுதியிருக்கிறார். கூட வேலை செய்த மற்றவர்களுக்கு அது அத்தனை வேடிக்கையாக இருந்திருக்காது.

‘பொம் போகோ’ (1994) தாமா என்ற மலைப்பகுதியில் புதுநகரம் எழும்போது வீடிழக்கும் தனுக்கி விலங்குகளின் கதை. நன்றாக ஓடியது. கொஞ்சம் நீளம்.

1999-இல் ‘யமதா குடும்பம்’ வந்தபோது அவர் மொத்தமாகத் திசை மாறினார். ஹிசாய்ச்சி இஷியின் நான்கு கட்டச் சிரிப்புச் சித்திரங்கள்தான் மூலம். அரைகுறையாக வரைந்து நீர்வண்ணம் தீட்டியது போன்ற தோற்றம், பாதித் திரை வெள்ளையாகவே இருக்கும். பார்க்க எளிது, செய்ய இரட்டிப்பு வேலை. கண்ணாடி போன்ற தாளில் வண்ணம் தீட்டும் வழக்கமான செல் முறையில் இது வராது என்பதால் ஜிப்லியின் முதல் முழு டிஜிட்டல் படமாக இது ஆனது. வசூலில் கவிழ்ந்தது. அடுத்து படம் எடுக்க அவருக்கு 14 ஆண்டுகள் ஆயின.

ஏன் இந்த வெறுமை மேல் அவருக்கு அப்படி ஒரு பிடிப்பு? அதே 1999-இல் அவர் 12-ஆம் நூற்றாண்டின் ஜப்பானிய ஓவியச் சுருள்களைப் பற்றி ஒரு புத்தகம் எழுதினார். சுருளை ஒரு கையால் விரித்து மறு கையால் சுருட்டிக்கொண்டே பார்க்கும்போது காட்சி நகர்கிறது, கதை ஓடுகிறது, அதில் ஜப்பானிய அனிமேஷனின் வேர் இருக்கிறது என்பது அவர் வாதம். அதில் எவ்வளவு சரி என்பது வரலாற்றாசிரியர்கள் பாடு. அவருடைய படங்களுக்கு அது ஒரு வழியைக் காட்டியது. முழுதாக வரையாமல் விட்டால் மீதியைப் பார்ப்பவர் மனம் நிரப்பிக்கொள்ளும் என்பதை அவர் அங்கிருந்து எடுத்துக்கொண்டார்.

2013-இல் வந்த ‘ககுயா இளவரசி’யில் அது உச்சத்துக்குப் போனது. மூங்கிலுக்குள் கிடைத்த பெண் குழந்தையின் பழங்கதை. ஒசாமு தனபே என்ற அனிமேட்டரின் கோடு, கசுவோ ஒகாவின் பின்னணி. வழக்கமான படத்தில் அனிமேட்டரின் உயிருள்ள பென்சில் கோட்டைச் சுத்தம் செய்து ஒரே தடிமனாக்கித்தான் வண்ணம் போடுவார்கள். இங்கே முதல் வேகத்தில் விழுந்த கோடு அப்படியே திரைக்கு வர வேண்டும் என்றார் தகஹாதா. தடித்தும் மெலிந்தும் அறுந்தும் போகும் கோட்டுக்குள் வண்ணம் நிரப்புவது லேசுப்பட்ட காரியமில்லை. பெயர்சூட்டு விருந்தில் குடிகாரர்கள் பேசுவதைக் கேட்டு ககுயா மாளிகையை விட்டு ஓடும் காட்சியைப் பாருங்கள். கதவுகள் தெறிக்கின்றன, பட்டாடைகள் ஒவ்வொன்றாகக் கழன்று விழுகின்றன, போகப்போக முகம் கரிக்கோடாகச் சிதைகிறது. கோபத்தை முகபாவத்தால் காட்டாமல் கோட்டாலேயே காட்டிய இடம் அது.

இதற்கு எட்டு ஆண்டுகள், ஏறக்குறைய 500 கோடி யென். தயாரிப்பாளர் யோஷியாகி நிஷிமுரா தன் இளமையின் பெரும்பகுதியை இந்த ஒரு படத்தில் கழித்தார். பணம் வந்தது நிப்பான் தொலைக்காட்சியின் தலைவர் செய்ச்சிரோ உஜியேவால். போட்ட பணம் திரும்புமா என்று அவர் பார்க்கவில்லை, தகஹாதாவின் இன்னொரு படத்தைப் பார்க்க ஆசைப்பட்டார். படம் முடியும் முன்பே 2011-இல் இறந்துவிட்டார். வளர்ப்புத் தந்தைக்குக் குரல் கொடுத்த தகேவோ சீயும் வெளியீட்டைப் பார்க்கவில்லை, 2012-இல் இறந்தார். குரலை முதலில் பதியும் தகஹாதாவின் பழக்கத்தால் அவருடைய நடிப்பு படத்தில் தங்கியது. வசூல் செலவில் பாதியைத்தான் எட்டியது. ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது, விருது கிடைக்கவில்லை.

தகஹாதா 2018 ஏப்ரல் 5 அன்று நுரையீரல் புற்றுநோயால், 82 வயதில் இறந்தார். அவர் தொடங்கிய லேஅவுட் முறை இன்று எல்லா ஸ்டூடியோவிலும் இருக்கிறது. ககுயாவின் பாதையில் அதே அளவில் யாரும் போகவில்லை. அப்படி ஒரு முதலீட்டாளர் மறுபடி வந்தால் பார்க்கலாம்.

பார்க்க நினைப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. 2020-இல் ஜிப்லி படங்கள் நெட்ஃபிளிக்ஸுக்கு மொத்தமாக வந்தபோது ‘கிரேவ் ஆஃப் தி ஃபயர்ஃப்ளைஸ்’ மட்டும் விடுபட்டது, அதன் உரிமை பதிப்பகத்திடம் இருந்ததால். அது 2024 செப்டம்பரில்தான் சேர்ந்தது. ஆனால் அதிலிருந்து தொடங்க வேண்டாம் என்பேன். முதலில் ‘ஒன்லி எஸ்டர்டே’, பிறகு ‘ககுயா’, கையோடு ‘யமதா குடும்பம்’. போர்ப்படத்தைக் கடைசியாக வைத்துக்கொண்டால், அழுகையைத் தாண்டி அந்த உறவுக்காரப் பெண்ணையும் நியாயமாகப் பார்க்க முடியும்.